கீழிருந்து வாசிக்கும் யன்னல்

6 ஜனவரி 2009, செவ்வாய்

இந்தக் கொப்பி பிரெஞ்சு வகுப்பில் தந்தது. ஒவ்வொரு நாளும் நாலு வரியாவது எழுதிப் பழக வேண்டுமாம். எனக்குப் பிரெஞ்சில் என் பெயருக்கு மேல் எழுத வராது. அதனால் தமிழில் எழுதுகிறேன். பக்கம் நிறைந்திருக்கிறதா என்று மட்டும்தான் ஆசிரியை பார்க்கிறார்.

இன்று உடுப்புத் தோய்க்கும் முறை என்னுடையது. இந்த அகதி விடுதியில் நாற்பது பேருக்கு இரண்டு மெஷின், அதில் ஒன்று பழுது. காத்திருந்த நேரத்தில் ஒரு சோமாலியாக்காரி தன் மகளுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். நான் எழும்பிப் போய் வாசலில் நின்றேன். கை விறைத்த பிறகுதான் உள்ளே வந்தேன்.

கிளிநொச்சி விழுந்து நாலு நாள். அவரும் பிள்ளைகளும் விசுவமடுவுக்கு வந்துவிட்டார்கள் என்று நகுலேஸ் சொன்னான். நகுலேஸ் என் சின்னம்மாவின் மகன், வவுனியாவில் இருக்கிறான். அங்கிருந்து எனக்கு வரும் செய்தியெல்லாம் அவன் வழியாகத்தான். அவருக்கு முதுகு வலி கூடிவிட்டதாம். ஆரணிக்குப் போன மாதம் பதினைந்து முடிந்தது. மிதுலனுக்கு எட்டு வயது.

எழுதிய பிறகுதான் யோசித்தேன். என் அகதிக் கோப்பில் எனக்குக் கணவனும் இல்லை, பிள்ளைகளும் இல்லை. கொப்பியை மெத்தைக்குக் கீழே வைக்க வேண்டும்.

11 ஜனவரி, ஞாயிறு

அவர் கதைத்தார். ஆரோ ஒருவரின் சற்றலைட் போனில் மூன்று நிமிடம். சத்தம் விட்டு விட்டுக் கேட்டது. திரும்பவும் இடம் மாறப் போகிறார்களாம். கூரைத் தகரத்தைக் கழற்றி உழவு மெஷினில் ஏற்றியாகிவிட்டதாம். கடைசியில், "மலர், நீ ஒருத்தி எண்டாலும் தப்பி நிக்கிறாய். அதை நினைச்சுத்தான் நான் நித்திரை கொள்ளுறன்" என்றார். போனை மிதுலனிடம் கொடுக்கச் சொன்னேன்.

மிதுலன் தனக்கு முன்பல் விழுந்ததைச் சொன்னான். ஆரணி கதைக்க வரவில்லை. இயக்கம் ஆள் பிடிக்க வருகிறது என்பதால் அவளைப் பங்கருக்குள்ளேயே வைத்திருப்பதாக அவர் சொன்னார். அது காரணமாக இருக்கலாம். போன முறையும் அவள் வரவில்லை, அப்போது பங்கர் வெட்டியிருக்கவில்லை.

14 ஜனவரி, புதன்

பொங்கல். அறையில் அடுப்பு மூட்ட விடமாட்டார்கள்.

20 ஜனவரி, செவ்வாய்

விடுதியின் பொது அறையில் இருக்க முடியவில்லை. தமிழ்ப் பெடியன்கள் இருவர் கணினியில் ஊர்ப் படங்களைத் திறந்து வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் பெரிதாக்கிப் பார்க்கிறார்கள். நானும் பார்ப்பேன். முகங்களைத் தேடுவேன். பிறகு சாப்பிட முடியாது.

வெளியே நடந்து பெரிய கிறிஸ்தவக் கோயிலுக்குள் போனேன். எண்ணூறு வருசத்துக் கோயில் என்று வகுப்பில் சொன்னார்கள். நான் சைவம், ஆனால் இங்கே சிவன் கோயிலுக்கு எங்கே போவது. உள்ளே ஆள் இல்லை. வடக்குச் சுவரில் உயரமாக ஒரு யன்னல் இருக்கிறது. முழுவதும் நிறக் கண்ணாடி, பெரும்பாலும் நீலம். இருபது கட்டங்களாகப் பிரித்து ஒவ்வொன்றிலும் ஒரு படம் செய்திருக்கிறார்கள். முதலில் நிறம் மட்டும்தான் தெரிந்தது. வெயில் வந்ததும் ஆட்கள் தெரிந்தார்கள்.

ஒரு புருசன், ஒரு பெண்சாதி, இரண்டு பிள்ளைகள்.

22 ஜனவரி, வியாழன்

இன்றும் போனேன். யன்னலை மேலிருந்து கீழே வாசித்தேன். ஒரு எழுத்தும் தேவைப்படவில்லை.

உச்சியில் நெருப்பு. மாடு போல ஒரு செப்புப் பாத்திரம், அதற்குள் அந்த நாலு பேரும், கீழே விறகு எரிகிறது. அதற்குக் கீழே நாலு பேரும் கட்டிப் பிடித்து அழுகிறார்கள். பிரியப் போகிறார்கள். பிறகு அவன் மட்டும் யாருடைய வயலிலோ வேலை செய்கிறான். அதன் கீழே ஒரு ஆறு. நடு ஆற்றில் அவன் கையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறான். ஒரு கரையில் சிங்கம் ஒரு பிள்ளையைக் கவ்விக்கொண்டு போகிறது, மறு கரையில் ஓநாய் மற்றதை. அதற்கும் கீழே ஒரு கப்பல். அதில் பெண்சாதி. அவளுடைய மணிக்கட்டில் கயிறு, கயிற்றின் மறு நுனி கப்பல்காரனின் கையில். இழுத்துக்கொண்டு போகிறான்.

அவளாகப் போகவில்லை.

அடியில் வந்தால் எல்லாம் முடிந்துவிட்டது. நாலு பேரும் ஒரு பெரிய தொட்டியில் நிற்கிறார்கள். ஒரு ஐயர் தலையில் தண்ணீர் ஊற்றுகிறார். எல்லாருக்கும் உடம்பில் ஒரு காயமும் இல்லை. கடைசிக் கட்டத்தில் அவன் குதிரையில் போகிறான், முன்னால் ஒரு மான் நிற்கிறது.

எந்தத் தெய்வத்தின் கதை என்று தெரியாது. நெருப்பு முதலில் வருகிறது, முழுக்கு கடைசியில். அது போதும்.

29 ஜனவரி, வியாழன்

யன்னலுக்குச் சாரம் கட்டுகிறார்கள். கழற்றித் துடைத்துத் திருத்தப் போகிறார்களாம். உச்சியிலிருந்துதான் தொடங்கியிருக்கிறார்கள். நெருப்புக் கட்டம் இறங்கிவிட்டது. அந்த இடத்தில் பலகை அடித்திருக்கிறார்கள்.

நெருப்பை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள் என்று நினைத்தேன். சிரிப்பு வந்தது. அங்கேயே இருந்து தேவாரம் சொன்னேன், வாய்விட்டு. சாரத்துக்குக் கீழே நின்ற ஒரு பெண் திரும்பிப் பார்த்தாள். கறுத்த, உயரமான பெண், நீல மேலங்கி, தலையில் நரை. கிட்ட வந்து, "நீங்க தமிழா?" என்றாள்.

ஓம் என்று சொல்லி அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

பெயர் ஃபிலோமின். காரைக்காலில் பிறந்தவள். ஒன்பது வயதில் தகப்பனோடு இங்கே வந்தவள். இப்போது ஐம்பது. இருபத்தைந்து வருசமாகப் பழைய கோயில்களின் கண்ணாடி திருத்துவதுதான் வேலை. தாய் செத்த பிறகு தமிழ் பேச ஆள் இல்லை என்றாள். சில சொற்களுக்காக நின்று யோசிக்கிறாள். அக்கா என்று கூப்பிட்டேன். அந்தச் சொல்லைக் கேட்டு எவ்வளவு காலம் என்று சொல்லி வெளியே போய்ச் சிகரெட் பிடித்துவிட்டு வந்தாள்.

5 பெப்ரவரி, வியாழன்

புதுக்குடியிருப்பு ஆஸ்பத்திரியில் ஷெல் விழுந்தது. நகுலேசின் போன் வேலை செய்யவில்லை.

சட்டத்தரணியிடம் போனேன். அரசாங்கம் எனக்குத் தந்த பெண் அவள். நல்லவள், ஆனால் எப்போதும் அவசரம். மேன்முறையீட்டு விசாரணை ஏப்ரல் 21. தொலைபேசி மொழிபெயர்ப்பாளர் மூலம் ஒரு விசயத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னாள்: முதல் வாக்குமூலத்தில் உள்ளதையே சொல்ல வேண்டும், ஒரு திகதிகூட மாறக் கூடாது.

முதல் வாக்குமூலம் எப்படி வந்தது என்பதை இங்கே எழுதி வைக்கிறேன். பாரிசில் வந்து இறங்கியபோது, கேஸ் எழுதிக் கொடுக்கும் ஒருவரிடம் கூட்டிக்கொண்டு போனார்கள். நான் நடந்ததைச் சொன்னேன். அவர் பாதியில் நிறுத்தி, புருசனும் பிள்ளைகளும் உயிரோடு இருந்தால் கேஸ் பலமில்லை, தனியாள் என்றால்தான் இரக்கப்படுவார்கள் என்றார். பிறகு அவரே எழுதினார். 2006 ஓகஸ்டில் ஷெல் விழுந்து மூன்று பேரும் செத்துப் போனார்கள். அதற்கு ஒரு சமாதான நீதவானின் கடிதமும் எங்கிருந்தோ வந்தது. கையெழுத்துப் போட்டேன். வாசித்துக் காட்டினார், நான் கேட்டேன். மூன்று பெயரையும் கேட்டேன். பிறகும் போட்டேன்.

முதல் முறை நிராகரித்தார்கள். இரண்டாம் முறை இது.

12 பெப்ரவரி, வியாழன்

நகுலேஸ் எடுத்தான். உயிரோடு இருக்கிறார்கள். மாத்தளன் பக்கம், கடற்கரையில் தறப்பாளால் கூடாரம் கட்டி. பக்கத்துத் தறப்பாளில் எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்து ரீச்சர் பவளராணி இருக்கிறாவாம்.

இரண்டு கோப்பை தேத்தண்ணி குடித்தேன். குளித்தேன்.

24 பெப்ரவரி, செவ்வாய்

ஃபிலோமின் அக்காவின் வேலை மேசை கோயிலின் பக்க அறையில் இருக்கிறது. மேசைக்குக் கீழே லைட். கண்ணாடியை அதன் மேல் கிடத்திப் பஞ்சால் துடைக்கிறாள். ஒரு நாளைக்கு உள்ளங்கை அளவுகூட முடிவதில்லை. நான் பஞ்சு சுற்றிக் கொடுக்கிறேன். ஆரும் கேட்டால் பார்வையாளர் என்று சொல்லச் சொன்னாள்.

இன்று கப்பல் கட்டத்தைக் கிடத்தியிருந்தாள். நான் நினைத்ததைவிடச் சிறியது, என் முழங்கை நீளம்தான். நிறமெல்லாம் கண்ணாடிக்குள்ளேயே ஊறியது, முகத்தின் கோடுகளை மட்டும் தீட்டிச் சூளையில் சுட்டது என்று சொன்னாள். படிக்கத் தெரியாத சனத்துக்காகச் செய்ததாம். அவர்கள் இதன் முன்னால் நின்றே முழுக் கதையையும் தெரிந்துகொள்வார்களாம். எனக்காகச் செய்தது என்று சொன்னேன். சிரித்தாள்.

பிறகு அந்தப் பெண்ணின் கையைத் தொட்டு, கயிற்றைக் காட்டி, பாவம், கட்டி இழுக்கிறான் என்றேன்.

"அது கயிறு இல்ல மலர். கண்ணாடி எப்பவோ உடைஞ்சிருக்கு. உடைஞ்ச இடத்துல ஈயப்பட்டை வச்சு ஒட்டியிருக்காங்க. கீழேர்ந்து பாத்தா கயிறு மாதிரி தெரியும்."

அவள் ஒரு சிறு கத்தியால் ஊத்தையைச் சுரண்டிக் காட்டினாள். ஈயம்தான். கப்பல்காரனின் கை பாய்மரத்தில் இருக்கிறது. அவளை ஆரும் பிடிக்கவில்லை. அவள் கப்பலில் சும்மா நிற்கிறாள்.

தலையிடி என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

25 பெப்ரவரி, புதன்

பாதை மூடியிருந்தது. 2006 ஓகஸ்டில் கர்ப்பப்பைக் கட்டிக்குக் கொழும்பில் ஒபரேசன். வெளியே போக இயக்கத்திடம் பாஸ் எடுக்க அவர் எனக்குப் பிணை நின்று கையெழுத்து வைத்தார். நான் திரும்பி வராவிட்டால் அவரும் பிள்ளைகளும் ஒருபோதும் வெளியே வர முடியாது. அது எல்லாருக்கும் தெரிந்த சட்டம். நான் ஆஸ்பத்திரியில் இருக்கும்போது ஊருக்குப் போகும் ஏ-நைன் பாதையை மூடிவிட்டார்கள். போக வழி இருக்கவில்லை.

பாதை மூடியிருந்தது.

10 மார்ச், செவ்வாய்

ஆரணியைக் கொண்டுபோய்விட்டார்களாம். நகுலேஸ் இரண்டு நாளாகச் சொல்லாமல் வைத்திருந்திருக்கிறான். பங்கர் வாசலில் அவர் வந்தவர்களின் காலில் விழுந்து கெஞ்சினாராம்.

அவளுக்குப் பதினைந்து வயது.

11 மார்ச், புதன்

எழும்பவில்லை.

17 மார்ச், செவ்வாய்

ஆரணி ஓடி வந்துவிட்டாள். ஐந்து நாள் பயிற்சி முகாமில் வைத்திருந்து, ஷெல் விழுந்த குழப்பத்தில் ஓடியிருக்கிறாள். தலைமயிரை ஒட்ட வெட்டிவிட்டார்கள். தகப்பனின் காற்சட்டையைப் போட்டுக்கொண்டு பெடியன் மாதிரித் திரிகிறாளாம்.

உடனே கோயிலுக்கு ஓடினேன். சொல்ல ஒரு ஆள் வேண்டும். ஃபிலோமின் அக்கா வெளியே போயிருந்தாள். சுவரில் சாத்தி வைத்த கட்டங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒவ்வொன்றின் மூலையிலும் வெள்ளைத் துண்டு ஒட்டி நம்பர் எழுதியிருந்தது. எண்கள் எனக்கு வாசிக்கத் தெரியும்.

மான் ஒன்று. முழுக்கு நான்கு. கப்பல் ஒன்பது. ஆறு பதினொன்று. கட்டிப் பிடித்து அழுவது பதினேழு. நெருப்பு இருபது.

அக்கா வந்ததும் நம்பர் பிழையாகப் போட்டிருக்கிறீர்கள் என்றேன். அவள் மேலங்கியைக் கழற்றாமலே கதிரையில் இருந்தாள். பிழையில்லை, இந்தக் காலத்து யன்னல்களை அநேகமாகக் கீழிருந்து மேலேதான் வாசிக்க வேண்டும் என்றாள். மண்ணிலிருந்து மோட்சத்துக்குப் போவது போல. யன்னலில் இருப்பவரின் பெயர் எஸ்தாக்கியார். காரைக்காலில் அவளுடைய தாய் அந்தக் கதையைச் சொல்லியிருக்கிறாளாம். பெரிய படைத்தலைவர், வேட்டைக்குப் போன இடத்தில் மானின் கொம்புக்கு நடுவே சிலுவையைக் கண்டு குடும்பத்தோடு மனம் மாறினார். எல்லாவற்றையும் இழந்தார், பெண்சாதியை, பிள்ளைகளை. பல வருசத்துக்குப் பிறகு நாலு பேரும் ஒருவரை ஒருவர் கண்டுபிடித்தார்கள்.

"பிறகு?"

"பிறகு ராஜா அவங்கள செப்பு மாட்டுக்குள்ள வச்சு எரிச்சுட்டான்."

நான் நினைத்ததை நான் இவளுக்கு ஜனவரியிலேயே சொல்லியிருந்தேன். முழுக்கோடு முடிகிறது என்று. அப்போது தலையை ஆட்டிக்கொண்டு கேட்டாள். ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். நான் சொன்ன விதம் நன்றாக இருந்தது, எனக்கு அது தேவைப்பட்டது என்றாள்.

"எனக்குப் பொய் சொல்லுறதுக்கு வேற ஆக்கள் இருக்கினம் அக்கா. நீங்கள் வேண்டாம்."

சத்தமாகச் சொல்லிவிட்டேன் போல. பாதிரியார் எட்டிப் பார்த்தார்.

18 மார்ச், புதன்

வகுப்பு. உருளைக்கிழங்கு, வெங்காயம், கரட் என்று மரக்கறிப் பெயர்கள்.

27 மார்ச், வெள்ளி

ஒன்பது நாள் போகவில்லை. இன்று அவளே விடுதிக்கு வந்தாள், கையில் அரிசி மாவு. நான் கேட்க நினைத்ததையெல்லாம் விட்டுவிட்டு என் கேசைச் சொன்னேன். எல்லாவற்றையும். பொய்க் கடிதம், மூன்று பெயர், கையெழுத்து. விசா கிடைத்தால் என்ன நடக்கும் என்று ஒரு பெடியன் விளங்கப்படுத்தியதையும் சொன்னேன். கோப்பில் இருக்கிற குடும்பத்தைத்தான் கூப்பிடலாம். கோப்பில் செத்த ஆட்களைக் கூப்பிட முடியாது. நான் வென்றாலும் அவர்களுக்குக் கதவு அடைத்துவிடும், அதை நானே அடைத்திருக்கிறேன்.

அக்கா மாவுப் பையை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். உண்மையைச் சொல் என்று அவள் சொல்லவில்லை. சொன்னால் என்ன ஆகும் என்று கேட்டாள். பொய்க்காரி என்று இரண்டாம் முறையும் தள்ளுவார்கள், பிறகு திருப்பி அனுப்பும் கடிதம் வரும் என்றேன்.

"நான் கன்னியாஸ்திரி இல்ல மலர், உங்களுக்கு என்ன சொல்றதுன்னு எனக்குத் தெரியல. எழுதணும்னா எழுதித் தரேன். என் பிரெஞ்சு நல்லா இருக்கும்."

6 ஏப்ரல், திங்கள்

சட்டத்தரணியிடம் சொன்னோம். அவள் பேனாவை மேசையில் வைத்துவிட்டுக் கண்ணை மூடினாள். பிறகு அக்காவோடு வெகுநேரம் கதைத்தாள். அக்கா எனக்குச் சுருக்கமாகச் சொன்னாள்: தற்கொலைக்குச் சமம் என்கிறாள், ஆனால் நீ சொல்வதையே கோப்பில் வைப்பாள்.

நாங்கள் கொண்டுபோனது எட்டுப் பக்கம். போன வாரம் மூன்று நாள் மாலை பக்க அறையில் இருந்து நான் சொல்லச் சொல்ல அக்கா எழுதினாள். பாதை மூடிய இடம் வந்தபோது, "மூடிட்டாங்க. அப்புறம்?" என்று கேட்டாள். போக வழி இருக்கவில்லை என்றேன். அவள் எழுதினாள்.

13 ஏப்ரல், திங்கள்

நகுலேசுக்கு ஒன்றும் தெரியவில்லை. நாளை வருசப் பிறப்பு.

20 ஏப்ரல், திங்கள்

விடுதித் தொலைக்காட்சியில் எங்கள் சனம். ஆயிரக்கணக்கில் தண்ணீருக்குள்ளால் நடந்து வருகிறார்கள், தலையில் மூட்டை, தோளில் கிழவிகள். மேலேயிருந்து எடுத்த படம், முகம் தெரியாது. மாத்தளன் பக்கம்தான். மத்தியானத்தில் இருந்து அதையே திரும்பத் திரும்பக் காட்டினார்கள். நான் திரைக்குக் கிட்ட முழங்காலில் நின்று பார்த்தேன். ஒட்ட வெட்டிய தலைகளை எண்ணினேன்.

நாளை விசாரணை. கறுப்புச் சப்பாத்தை மினுக்கி வைத்தேன்.

21 ஏப்ரல், செவ்வாய்

எல்லாவற்றையும் அப்படியே எழுதுகிறேன்.

அக்கா வேலைக்கு லீவு போட்டு ரயிலில் கூட வந்தாள். சின்ன அறை. மூன்று பேர் உயரத்தில் இருந்தார்கள், நடுவில் தலைமை நீதிபதி, வெள்ளைத் தலைமயிர், மெல்லிய குரல். மொழிபெயர்ப்பாளர் ஒரு யாழ்ப்பாணத்து ஐயா. சட்டத்தரணி முதலில் எழும்பி, வாக்குமூலத்தை மாற்றுகிறோம் என்றாள். மூன்று பேரும் கடதாசியைப் புரட்டினார்கள்.

என் புருசனும் பிள்ளைகளும் சாகவில்லை, நான் பொய் சொன்னேன் என்றேன். மொழிபெயர்ப்பாளர் ஐயா என்னைப் பார்த்துவிட்டுத்தான் சொன்னார்.

அவர்கள் உயிரோடு இருப்பதற்கு என்ன ஆதாரம் இருக்கிறது என்று நீதிபதி கேட்டார். ஒன்றும் இல்லை என்றேன். போட்டோ? இல்லை. கடிதம்? அங்கே தபால் இல்லை. கடைசியாக எப்போது குரல் கேட்டீர்கள்? ஜனவரி பதினொன்று.

"செத்ததற்கு ஆதாரம் தந்திருக்கிறீர்கள்" என்றார்.

"ஓம். அது பொய்க் கடதாசி."

பக்கத்தில் இருந்த பெண் நீதிபதி எதையோ எழுதினாள். பிறகு அவள் கேட்டாள். பாதை மூடிய பிறகு, பிள்ளைகளிடம் திரும்பிப் போக உங்களுக்கு ஒரு வழியும் இருக்கவில்லையா?

அக்கா எழுதியதில் இல்லை என்று இருக்கிறது. நான் இல்லை என்று சொல்லியிருக்கலாம். ஆரும் தேடிப் பார்க்கப் போவதில்லை.

"இருந்தது" என்றேன். ஒபரேசன் முடிந்து வவுனியாவரை வந்தேன்; அங்கே அகப்பட்ட எங்களைத் திருப்பி அனுப்ப செப்டெம்பரில் ஒரு பஸ் ஒழுங்கு செய்தார்கள். என் பெயர் பட்டியலில் இருந்தது, முப்பத்தோராவது. விடிய ஆறு மணிக்கு வரச் சொன்னார்கள். நான் பையோடு போனேன். பஸ் ஏறாமல் எதிர்ப்பக்கம் நின்றேன். போனால் இனி ஒருபோதும் வெளியே வர முடியாது என்று தெரிந்தது. நான் வெளியே நின்றால் அவர்களை இழுத்து எடுக்கலாம் என்று எனக்கே சொன்னேன். அதுவும் பொய். எனக்குப் பயமாக இருந்தது. அவ்வளவுதான். திரும்பவும் பங்கருக்குள் போய் இருக்கப் பயம். பஸ் போன பிறகு கொழும்புக்கு ரயில் எடுத்தேன்.

மொழிபெயர்ப்பாளர் ஐயா பாதியில் நின்றுவிட்டார். தண்ணீர் குடித்துவிட்டுத் தொடர்ந்தார். நீதிபதி அவரிடம் அவசரமில்லை என்று சொன்னது எனக்கு விளங்கியது.

வெளியே வந்ததும் சட்டத்தரணி என் தோளைத் தொட்டுவிட்டு அடுத்த கேசுக்குப் போனாள்.  பஸ் விசயம் அக்காவுக்கும் புதிது. ரயிலில் தன் சாண்ட்விச்சில் பாதியைப் பிய்த்துத் தந்தாள். சாப்பிட்டேன். பசித்தது.

30 ஏப்ரல், வியாழன்

மாத்தளனில் இருந்து வந்தவர்களின் பட்டியலில் அவர்கள் இல்லை. உள்ளேதான் இருக்கிறார்கள். இடம் இன்னும் சுருங்கிவிட்டது.

12 மே, செவ்வாய்

கடிதம் வந்தது. அக்கா வாசித்தாள். முதல் பக்கம் முடிந்து இரண்டாம் பக்கம் போனாள். திரும்ப முதல் பக்கம் வந்தாள். ஏற்றுக்கொண்டார்களாம். பொய் சொன்னதையும் எழுதியிருக்கிறார்கள், பிறகு சொன்னதை நம்புவதாகவும் எழுதியிருக்கிறார்கள். கணவன், இரண்டு பிள்ளைகள் என்று பெயரோடு இருக்கிறது.

விடுதியில் எல்லாரும் கை கொடுத்தார்கள். நான் கழிவறைக்குப் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டேன். சொல்ல வேண்டிய ஆட்களுக்குச் சொல்ல முடியவில்லை. அவர்களுக்குப் போன் இல்லை.

19 மே, செவ்வாய்

முடிந்துவிட்டது என்று சொல்கிறார்கள். நகுலேஸ் முகாம் முகாமாகப் போகிறான்.

24 மே, ஞாயிறு

ஒன்றும் இல்லை.

29 மே, வெள்ளி

மிதுலன் செட்டிகுளம் முகாமில் இருக்கிறான். பவளராணி ரீச்சரோடு. நகுலேஸ் முட்கம்பிக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறான், கிட்ட விடவில்லை. அவர் மே பதினான்காம் திகதி முள்ளிவாய்க்காலில் காயப்பட்டவர் என்று மட்டும் ரீச்சர் கத்திச் சொன்னாவாம். ஆரணியைப் பற்றிக் கேட்க முதல் ஆமிக்காரன் விலத்திவிட்டான்.

3 யூன், புதன்

ரீச்சர் எப்படியோ ஒரு போன் எடுத்திருக்கிறா. காலை பதினொரு மணி, நான் வகுப்பில் இருந்தேன். எழும்பி ஓடிப் படிக்கட்டில் இருந்தேன்.

மிதுலனின் குரல் மாறவில்லை. சாப்பிட்டாயா என்றுதான் முதலில் கேட்டேன். பருப்பும் சோறும் என்றான். அப்பா எங்கே என்று கேட்டேன். நான் கேட்காமலே மற்றதையும் அவனே சொன்னான், பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்புவிப்பதுபோல, நிறுத்தாமல்.

"அப்பாக்குக் கால்ல பட்டது. நடக்க ஏலாது. அக்கா என்னைத் தூக்கிக்கொண்டு தண்ணிக்குள்ளால வந்தவ. அவவுக்குக் கழுத்துவரைக்கும் தண்ணி. இஞ்சால கொண்டுவந்து ரீச்சரிட்ட விட்டிட்டு, அப்பாவைக் கூட்டிக்கொண்டு வாறன் எண்டு திரும்பிப் போனவ."

"பிறகு?"

"பேந்து வரேல்லை. நான் அங்கயே நிண்டு பாத்தனான். ஆமி எங்களைப் பஸ்ஸில ஏத்திப்போட்டாங்கள்."

ரீச்சர் போனை வாங்கினா. அவரைப் புதைத்ததைக் கண்ட ஆட்கள் இருக்கிறார்களாம். ஆரணியைக் கண்ட ஆட்கள் இல்லை. உயிரோடும் இல்லை, மற்றபடியும் இல்லை. நேரம் இல்லை என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் மிதுலனிடம் கொடுத்தா.

அவன் போனை வாங்கினான். பிறகு, "அம்மா, நீங்கள் ஏன் திரும்பி வரேல்லை?" என்று கேட்டான்.

"பயமா இருந்தது மிதுலன்."

"எனக்கும்தான்" என்றான். லைன் அறுந்தது.

4 யூன், வியாழன்

பொட்டை அழித்தேன். அவருக்கு நாற்பத்தாறு வயது.

11 யூன், வியாழன்

குடும்பத்தைக் கூப்பிடும் விண்ணப்பம் நிரப்பினோம். ஃபிலோமின் அக்காவின் மேசையில், கண்ணாடியை ஓரமாக நகர்த்திவிட்டு. வெயில் நன்றாக இருந்ததால் லைட் போடவில்லை.

கணவர்: இறந்துவிட்டார். அக்கா அதை எழுதும்போது நான் பார்த்துக்கொண்டிருந்தேன். இந்த முறை உண்மை.

மகன்: மிதுலன், பிறந்த திகதி, தற்போதைய முகவரி. முகாமின் பெயர், வலயம், கூடார இலக்கம். நகுலேஸ் சொன்னதைச் சொன்னேன்.

மகள்: ஆரணி. பிறந்த திகதி எழுதினாள். பிறகு பேனா நின்றது. இந்தப் பெட்டியை வெறுமையாக விட்டால் விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள், அவள் பெயரையே எடுத்துவிட்டால் மிதுலனின் விசா கெதியாக வரலாம் என்று சட்டத்தரணி சொல்லியிருந்தாள். அக்கா அதைத் திரும்பச் சொன்னாள், என் முகத்தைப் பார்க்காமல்.

எடுக்க வேண்டாம் என்றேன்.

"அப்ப முகவரி என்னன்னு எழுத?"

"முள்ளிவாய்க்கால்."

அக்கா பேனாவைப் பிடித்தபடி, அந்தச் சொல்லை எப்படி எழுதுவது என்று தெரியாது, எழுத்து எழுத்தாகச் சொல்லச் சொன்னாள். நான் அவளுக்குக் கிட்டக் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு, அவள் எழுதி முடிக்கும்வரை பொறுத்துப் பொறுத்து, ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னேன்.